நன்னன்: ஒரு பெயரும் இரண்டு மலைகளும்

பாரி என்று பிள்ளைக்குப் பெயர் வைக்கிறோம். ஓரி, எழினி, அதியமான், நெடுஞ்செழியன், சேரலாதன் எல்லாம் கடந்த நூறாண்டில் ஏட்டை விட்டு இறங்கிவந்து பள்ளி வருகைப் பதிவேட்டில் இடம்பிடித்துவிட்டன. இறங்காமலே நின்றுவிட்ட பெயர் ஒன்று உண்டு: நன்னன். சொல்ல எளிது, காதுக்கு இதம், பொருள் கேட்டால் நல்லவன். தனித்தமிழ்ப் பெயர் தேடும் பெற்றோருக்கு வேறென்ன வேண்டும்? அப்படியிருந்தும் அந்தப் பெயரில் ஒருவரைச் சந்திப்பது அரிது. சொல்லில் குறையேதும் இல்லை. அதைச் சுமந்தவர்களில் ஒருவன் செய்த காரியமும், அதைப் புலவர்கள் விடாமல் சொல்லிக்கொண்டே இருந்ததும்தான் பெயரை முடக்கின என்று கருதுகிறேன். அதே பெயரோடு சவ்வாது மலைப் பக்கம் வாழ்ந்த இன்னொருவன் நல்ல பேர் எடுத்தும் அதைக் காப்பாற்ற முடியவில்லை.

திருப்பத்தூர் மாவட்டத்து ஆலங்காயம் சவ்வாது மலையின் வடமேற்கு அடிவாரம். அங்கிருந்து ஜமுனாமரத்தூர் போகும் மலைச்சாலையில் காவலூர் வருகிறது. அங்குள்ள வானாய்வகத்துக்கு வானியலாளர் வைணு பாப்புவின் பெயர். 2.3 மீட்டர் தொலைநோக்கிக்கும் அவர் பெயரே. 1986 ஜனவரி 6 அன்று பிரதமர் ராஜீவ் காந்தி சூட்டினார். 1988 பிப்ரவரி 17 அன்று இதே மலையில் கண்டறிந்த சிறுகோள் ஒன்றுக்கு ராமானுஜன் என்று பெயராயிற்று. பெயர் வைப்பதற்குப் பழகிய மலை இது. மலையின் தெற்கு அடிவாரத்தில் செங்கம். சங்க காலத்தில் அதன் பெயர் செங்கண்மா. பல்குன்றக் கோட்டத்துச் செங்கண்மாவில் ஆட்சி செய்த வேள், நன்னன். பாப்புவின் குடும்பம் கேரளத்துத் தலச்சேரியைச் சேர்ந்தது என்பதை இங்கே சும்மா குறித்துவைக்கிறேன். நன்னன் கதையின் மறுபாதியும் அந்தக் கண்ணூர்க் கரையில்தான் நடக்கிறது. இரண்டுக்கும் தொடர்பில்லை, தற்செயல்தான். ஆனாலும் சொல்லாமல் விட மனம் வரவில்லை.

செங்கண்மா நன்னனைப் பற்றி நமக்குத் தெரிவதெல்லாம் ஏறக்குறைய ஒரே நூலிலிருந்து. பத்துப்பாட்டின் கடைசிப் பாட்டான மலைபடுகடாம், 583 அடி. பாடியவர் இரணிய முட்டத்துப் பெருங்குன்றூர்ப் பெருங்கௌசிகனார். பரிசில் பெற்றுத் திரும்பும் கூத்தர் தலைவன், எதிரே வரும் இன்னொரு கூத்தர் கூட்டத்துக்கு வழி சொல்கிறான். எந்த ஏற்றத்தில் கல் உருளும், எங்கே பன்றிக்கு வைத்த பொறி இருக்கும், எந்தச் சிற்றூரில் தினைச்சோறும் இறைச்சியும் கிடைக்கும், சேயாற்றங்கரையை எப்படிப் பிடித்துப் போவது என்று அடுக்கிக்கொண்டே போகிறான். அந்தச் சேயாறு இன்றைய செய்யாறு. சவ்வாது மலையில்தான் பிறக்கிறது. நன்னனின் நவிரமலையைப் போளூர்ப் பக்கத்துப் பர்வதமலை என்று ஆய்வாளர் பலர் கொள்கின்றனர். அம்மலைக் கடவுளுக்குப் பாட்டு தரும் பெயர் காரியுண்டிக் கடவுள், அதாவது நஞ்சுண்டவன்.

வழிகாட்டும் அந்தப் பகுதியில் ஒன்று கவனிக்கத் தக்கது. மலைச் சிற்றூரில் நுழையும்போது இன்னாருடைய கூத்தர் நாங்கள் என்று சொன்னால் போதும், சொந்த வீடுபோல உள்ளே போகலாம் என்கிறான் வழி சொல்பவன். ஆனால் அப்போது சொல்லச் சொல்வது நன்னன் என்ற பெயரை அன்று. மானமும் வெற்றியும் உடைய வேள் என்ற பட்டத்தை. குடிகள் அரசனைப் பெயர் சொல்லிக் குறிப்பதில்லை என்ற மரியாதை அதில் தெரிகிறது. இயற்பெயர் வருவது 64ஆம் அடியில். அதுவும் தனியாக வரவில்லை, தந்தையோடு சேர்ந்து 'நன்னன் சேய் நன்னன்' என்று வருகிறது. வழியில் நடுகற்கள் உண்டு, அவற்றில் மறவர் பெயர் பொறித்திருக்கும் என்றும் அதே பாட்டு சொல்கிறது. சில நூற்றாண்டு கழித்துச் செங்கம் வட்டாரத்தில் அப்படிப்பட்ட கற்கள் நிறையவே நடப்பட்டன. எடுத்தனூர்க் கல் மகேந்திரவர்மனின் 34ஆம் ஆண்டைச் சேர்ந்தது. எருமைகளை மீட்டு மடிந்த வீரன் கருந்தேவக்கத்தியோடு, கள்ளரைக் கடித்துக் காவல் நின்ற கோவிவன் என்ற நாயின் பெயரும் அதில் வெட்டப்பட்டிருக்கிறது. உருவமும் இருக்கிறது, வில்லேந்திய வீரனுக்குப் பின்னால் நிற்கிறது நாய். நாட்டின் வேளுக்குப் பாட்டு மட்டும்.

'நன்னன் சேய் நன்னன்' என்பதை நன்னன் மகன் நன்னன் என்றே உரை மரபு கொள்கிறது. இது கொஞ்சம் வழக்கத்துக்கு மாறானது. தமிழ்க் குடும்பத்தில் பெயர் ஒரு தலைமுறை தாண்டித்தான் இறங்கும். பாட்டன் பெயரைத் தாங்குவதால்தான் பெயரன், அவனே பேரன். தந்தை பெயரை மகனுக்கே வைத்தால் வீட்டில் கூப்பிட முடியாது. தாய் தன் கணவன் பெயரைச் சொல்லிப் பிள்ளையை எப்படி அழைப்பாள்? ஆகவே தந்தையும் மகனும் நன்னனாக இருந்தால், அது தொட்டிலில் வைத்த பெயர் மட்டுமாக இருக்க வழியில்லை. ஆட்சிக்கு வரும்போது ஏறிக்கொள்ளும் குடிப்பெயராகவும் இருந்திருக்க வேண்டும். வழுதியும் செழியனும் பாண்டியர்க்கு எப்படியோ, இந்த வேளிர்க்கு நன்னன் அப்படி.

சரி, சொல்லுக்கு வருவோம். நல் என்ற அடி முன்னொட்டாகச் சங்கப் பெயர்களில் ஏராளம்: நன்மாறன், நலங்கிள்ளி, நற்கிள்ளி, நல்லியக்கோடன். கச்சிப்பேட்டு நன்னாகையார் என்று ஒரு புலவரும் உண்டு. இவற்றிலெல்லாம் நல் என்பது அடை, அதைத் தாங்க மாறன், கிள்ளி என்று இன்னொரு பெயர் பின்னால் இருக்கிறது. நன்னனில் அடையே ஆளாகிவிட்டது. நன்மை என்ற பொருளில் நன்னர் என்ற சொல்லும் பழந்தமிழில் வழங்கியது, அதோடு சேர்த்துப் பார்த்தால் நன்னன் என்ற ஆக்கம் இயல்பாகவே இருக்கிறது. நற்றிணை 391ஆம் பாட்டில் பாலை பாடிய பெருங்கடுங்கோ நன்னன் பெயரை அடுத்து அவன் நாட்டையும் நல்ல நாடு என்கிறார். அந்தச் சொற்பொருள் அன்றைய காதில் விழுந்துகொண்டுதான் இருந்திருக்கிறது.

நந்தன் என்ற வடசொல்லே திரிந்து நன்னன் ஆயிற்று என்று சொல்வாரும் உண்டு. எனக்கு அது ஒப்பவில்லை. சங்கப் பாடல்களிலேயே மகத நந்தர்கள் வருகிறார்கள், அங்கே நந்தன் நந்தனாகவே இருக்கிறான். ஒரே புலவர் கூட்டம் ஒரே சொல்லை ஓரிடத்தில் திரித்து ஓரிடத்தில் திரிக்காமல் விட்டதென்று கொள்ளக் காரணமில்லை. தமிழ்நாட்டுக்கு வடக்கே போனால் இந்தப் பெயரின் உறவினர் வரிசையாக நிற்கிறார்கள். பழங்கன்னடத்தில் நன்னி என்றால் வாய்மை. நன்னிய கங்கன், நன்னி நொளம்பன் என்று 10ஆம் நூற்றாண்டு வாக்கில் பெயர்கள் உண்டு. நொளம்பர் ஆட்சி தருமபுரிப் பக்கம் வரை எட்டியது, சவ்வாது மலைக்கு அது அக்கம்பக்கம்தான். மானியகேடத்தில் சமணக் கவி புஷ்பதந்தரை ஆதரித்த அமைச்சர் பரதனின் மகன் பெயர் நன்னன். 11ஆம் நூற்றாண்டில் ராஜமகேந்திரவரத்தில் ராஜராஜ நரேந்திரன் அவையில் இருந்து தெலுங்கில் பாரதம் பாடத் தொடங்கியவர் நன்னய பட்டர். இவர்களில் யாருக்கு நந்தன் வழி, யாருக்கு நல் வழி என்று ஒவ்வொன்றாகத்தான் பிரித்துப் பார்க்க வேண்டும். தக்காணம் முழுக்க இப்படி ஒலிக்கும் பெயரை மக்கள் கூச்சமில்லாமல் வைத்தார்கள் என்பதுவரை தெளிவு. கூச்சம் தமிழில் மட்டும்.

ஏன் தமிழில் மட்டும் என்றால், ஏழில்மலை. கண்ணூர் மாவட்டத்தில் பையனூருக்குப் பக்கம் கடலைத் தொட்டு நிற்கும் அந்த மலை இப்போது இந்தியக் கடற்படை அகாடமி இருக்கும் இடம். பொன் விளையும் கொண்கான நாட்டுத் தலைவனாக அங்கே ஒரு நன்னன் இருந்தான். பாழி அவனுடைய காவல் மிக்க ஊர். அவன் படைத்தலைவன் மிஞிலி, சேரர் பக்கத்து வீரன் ஆய் எயினனைப் போரில் கொன்றான். கடைசியில் களங்காய்க்கண்ணி நார்முடிச் சேரல் கடம்பின் பெருவாயிலில் நன்னனை வீழ்த்தி, அவன் காவல்மரமான வாகையை அடியோடு வெட்டினான் என்று பதிற்றுப்பத்தின் நான்காம் பத்து சொல்கிறது. காவல்மரத்தை வெட்டுவது வென்றவன் செய்யும் வழக்கமான சடங்கு. அதனால் யார் பெயரும் கெட்டதில்லை. தோற்றவன் பெயரை நாளைக்கே ஒரு பேரன் தாங்குவான்.

கெட்டது இன்னொரு மரத்தால். குறுந்தொகை 292ஆம் பாட்டில் பரணர் அதைச் சொல்கிறார். ஆற்றில் குளிக்கப் போன ஒரு பெண், நீர் அடித்துக்கொண்டு வந்த மாங்காயைத் தின்றுவிட்டாள். காய் நன்னனின் காவல்மரத்துக் காய். அவளைக் கொல்ல ஆணையாயிற்று. அவளுக்கு ஈடாக 81 யானைகளும் அவள் எடைக்கு எடை பொன்னால் செய்த பாவையும் தருவதாகச் சொன்னார்கள். நன்னன் ஏற்கவில்லை, கொன்றான். இது வரலாற்றுப் பாட்டும் அன்று, கையறுநிலைப் பாட்டும் அன்று. அகப்பாட்டு. இரவில் தூங்காமல் மகளைக் காவல் காக்கும் தாய் மேல் எரிச்சல் கொண்ட தோழி சாபம் விடுகிறாள்: பெண்ணைக் கொன்ற நன்னனைப் போல இவளும் நரகத்துக்குப் போகட்டும் என்று. வீட்டுக்குள் கோபத்தில் வாயில் வரும் வசவாக அந்தப் பெயர் ஆகிவிட்டிருந்தது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம். அதே பரணர் 73ஆம் பாட்டில் கோசர் என்ற குடியினர் சூழ்ச்சி செய்து அந்த நறுமாவை வெட்டியதைத் தொட்டுக் காட்டுகிறார். அதுவும் அகப்பாட்டுதான். இந்தக் கதையை அரசவைப் புகழ்ச்சியில் சொல்லியிருந்தால் அந்த அவையோடு போயிருக்கும். காதல் பாட்டுக்குள் வைத்ததால் எல்லார் வாயிலும் நின்றது.

பழி எவ்வளவு தூரம் ஒட்டியது என்பதற்குப் புறநானூறு 151. இளங்கண்டீரக்கோவும் இளவிச்சிக்கோவும் சேர்ந்து உட்கார்ந்திருக்கிறார்கள். உள்ளே வந்த பெருந்தலைச் சாத்தனார் முன்னவனைத் தழுவிக்கொண்டார், பின்னவனைத் தழுவவில்லை. என்னை ஏன் தழுவவில்லை என்று இளைஞன் வாய்விட்டுக் கேட்கிறான். நீ நன்னன் மரபில் வந்தவன், அதோடு உன் வீட்டில் பாடுவோர்க்குக் கதவு அடைத்திருந்தது, அதனால் எங்கள் ஆட்கள் உன் மலையைப் பாடுவதை விட்டுவிட்டார்கள் என்கிறார் புலவர். கதவடைத்த குற்றம் இரண்டாவதாகத்தான் வருகிறது. முதல் குற்றம் வம்சம். கேட்டவன் அந்தப் பெண்ணைக் கொல்லவில்லை, அவன் பிறந்திருக்கக்கூட மாட்டான். என் பார்வையில் இது அநியாயம். ஆனால் பரிசிலை நம்பி வாழ்ந்த புலவர்களிடம் ஓர் ஆயுதம் இருந்தது, அது பாடாமல் இருப்பது. அதை ஓர் ஆள் மீது மட்டும் வீசினால் போதாது, அவன் குடி மீதே வீசினால்தான் அடுத்தவன் அஞ்சுவான் என்று அவர்களுக்குத் தெரிந்திருந்தது.

அப்படியிருக்க, செங்கண்மாவில் தந்தையும் மகனும் எப்படி அதே பெயரோடு புலவரை வரவேற்றார்கள், புலவரும் எப்படிப் பாடினார்? இரண்டு நன்னரும் ஒரே குடியின் கிளை என்பது ஒரு கருத்து. அகநானூற்றில் நன்னன் வேண்மான், நன்னன் ஆய், நன்னன் உதியன் என்று வேறு வேறு சேர்க்கைகளும் வருகின்றன. வேண்மான் வேளிர்க்குரிய சொல், ஆய் வேறொரு வேளிர் குடி, உதியன் சேரர் பக்கத்துப் பெயர். ஒரே வம்சத்தின் உடைமையாக இருந்தால் இத்தனை குடிகளோடு ஒட்டியிருக்காது. மேலைக் கடற்கரையிலிருந்து பாலாற்றுப் பக்கம் வரை வேளிர் வீடுகளில் விரும்பி வைத்த பெயர் அது, செங்கண்மாவில் மட்டும் அது குடிப்பெயர் அளவுக்கு நிலைத்துவிட்டது என்று கொள்வதே பொருத்தம். ஏழில் நன்னன் செய்த கொலை செங்கண்மாக் குடும்பத்துக்குத் தொலைவில் நடந்த, யாரோ செய்த காரியம். பெருங்கௌசிகனாருக்கும் அப்படியே. இளவிச்சிக்கோவிடம் சாத்தனார் காட்டிய கடுமையை இவர் காட்டவில்லை என்பதே இரண்டும் வேறு குடி என்பதற்கு ஒரு சான்று.

பிற்காலத்தார் அந்த வேறுபாட்டை மறந்தார்கள் போலும். நன்னன் பெயருக்கு ஏதோ கெடுதி உண்டு என்ற எண்ணம் இலக்கண உலகத்துக்குள்ளும் நுழைந்ததைப் பத்துப்பாட்டு உரையில் பார்க்கலாம். மலைபடுகடாத்தில் செங்காந்தள் பூவைத் தீக்கு உவமிக்கும் ஓரிடம். உவமை காட்டும் 'அன்ன' என்ற சொல், முன்னிற்கும் சொல்லின் கடைசி னகரத்தோடு சேர்ந்து 'னன்ன' என்று ஒலிக்கிறது. ஆளவந்த பிள்ளையாசிரியர் என்பவர் இதைப் பிடித்துக்கொண்டார். தீயை அடுத்துத் தலைவன் பெயர் ஒலிக்கிறது, இது ஆனந்தக் குற்றம், இதனால்தான் பாடியவரும் பாடப்பட்டவரும் இறந்தார்கள் என்றார். நச்சினார்க்கினியருக்கு வந்த கோபம் உரையில் தெரிகிறது. தலைவன் பெயர் நகரத்தில் தொடங்குவது, இங்கே இருப்பதோ முன்சொல்லின் னகரமும் அகரத்தில் தொடங்கும் வேறொரு சொல்லும், இது எப்படி அவன் பெயராகும் என்று கேட்கிறார். இப்படி ஒரு குற்றத்தைத் தொல்காப்பியம் சொல்லவில்லை என்றும் வாதிடுகிறார். வாதத்தில் அவர் வென்றார் என்பதில் ஐயமில்லை. ஆனால் 583 அடியில் காதால் துழாவி இரண்டெழுத்து ஒற்றுமையைத் தேடிக் கண்டுபிடித்து, அதில் சாவை ஏற்றிச் சொல்ல ஒருவருக்குத் தோன்றியதே, அதைத்தான் இங்கே கவனிக்க வேண்டும். மாறன் என்றோ கிள்ளி என்றோ பெயர் இருந்திருந்தால் அப்படித் தேடத் தோன்றியிருக்குமா என்பது என் ஐயம்.

பழைய பெயர்களைப் புதுப்பித்துக்கொள்ளும் ஆசை இடைக்காலத்திலும் இருந்தது. போளூருக்கு அருகில் திருமலைச் சமணக் குன்றில், தகடூரை ஆண்ட விடுகாதழகிய பெருமாளின் கல்வெட்டு இருக்கிறது. தன் முன்னோன் எழினி வைத்த இயக்கன், இயக்கி உருவங்களைத் தான் புதுப்பித்ததாக அவன் சொல்லிக்கொள்கிறான். எழினி என்ற பெயர் சங்க காலத்து அதியமான் குடியினுடையது. ஓராயிரம் ஆண்டு தாண்டியும் ஒருவன் அதைத் தன் முன்னோன் பெயராக நெஞ்சை நிமிர்த்தி எடுத்துப் போட்டுக்கொண்டான். செங்கம் வட்டாரத்துக் கல்வெட்டுப் பாட்டு ஒன்றில் நன்னனும் வருகிறான், ஆனால் யாருக்கும் முன்னோனாக அல்ல. அவனுடைய மலை என்று இடத்தைச் சுட்டும் அளவுக்கு. அதில் வரும் 'கடாம்' என்ற சொல் மலைபடுகடாத்தையே குறிக்கும் என்பது அறிஞர் கருத்து. அப்படியானால் அந்தப் பாட்டின் நினைவு அந்த மண்ணில் அறவே போய்விடவில்லை. 1889இல் உ.வே.சாமிநாதையர் பத்துப்பாட்டை அச்சிட்ட பிறகுதான் செங்கண்மா நன்னன் மறுபடி எல்லார்க்கும் தெரிந்தான். அவனோடு நச்சினார்க்கினியர் உரையும், அந்த ஆனந்தக் குற்றச் சண்டையும் சேர்ந்தே வந்தன.

அடுத்த அரை நூற்றாண்டில் தமிழர் தங்கள் பெயரைத் தாங்களே மாற்றிக்கொள்ளத் தொடங்கினார்கள். சூரியநாராயண சாஸ்திரி பரிதிமாற்கலைஞர் ஆனார், வேதாசலம் மறைமலை ஆனார், நாராயணசாமி நெடுஞ்செழியன் ஆனார், ராமையா அன்பழகன் ஆனார். பரிதிமாற்கலைஞரும் மறைமலையும் தம் பழம்பெயரை அப்படியே தமிழில் பெயர்த்துக்கொண்டவர்கள். பின் வந்தவர்கள் பலர் சங்க ஏட்டில் கைவைத்தார்கள். அந்த ஏட்டில் பாரிக்கு முல்லையும் தேரும் இருந்தன, அதியமானுக்கு நெல்லிக்கனி இருந்தது. பெயரோடு சேர்த்து ஒரு நற்கதையும் இலவசமாகக் கிடைத்தது. நன்னன் பெயரை எடுப்பவருக்கு மாங்காய் தின்ற பெண்தான் கிடைப்பாள். நூறு பேரில் ஒருவரும் அதை எடுக்க முன்வராததில் வியப்பில்லை.

எடுத்தவர் ஒருவர் உண்டு. திருஞானசம்பந்தன் என்ற இயற்பெயரை விட்டு நன்னன் என்று வைத்துக்கொண்ட பேராசிரியர், மா. நன்னன். பெரியார் வழி நின்றவர், ஆகவே சம்பந்தரை விட்டதற்குக் காரணம் கேட்க வேண்டியதில்லை. 2017 நவம்பரில் மறையும் வரை எழுதிக்கொண்டே இருந்தார். பிழையில்லாத தமிழுக்காகப் புத்தகம் புத்தகமாகப் போட்டார். சென்னைத் தொலைக்காட்சியில் 'எண்ணும் எழுத்தும்' நிகழ்ச்சியில் முதியோருக்கு அரிச்சுவடி சொல்லிக்கொடுத்தவர் அவர்தான். ஒரு தலைமுறைக்கு நன்னன் என்றால் கரும்பலகை முன் நிற்கும் அந்த வாத்தியார் முகம்தான், ஏழில்மலையும் இல்லை, நவிரமலையும் இல்லை. அவர் செங்கண்மா வேளை நினைத்து எடுத்தாரா, நல் என்ற அடியை நினைத்து எடுத்தாரா என்று யாரும் எதையும் சொல்லலாம். ஏழில்மலைக் கதை தெரியாமல் எடுத்தார் என்று மட்டும் சொல்ல முடியாது, சங்க இலக்கியம் சொல்லிக்கொடுத்த மனிதர் அவர். அவருடைய தலைப்பெழுத்தோ 'மா'; நன்னன் என்ற பெயரைக் கெடுத்த மரத்தின் பெயரும் அதுதான். ஒற்றுப்பிழைக்குக்கூட விடாமல் சண்டை போட்ட ஒருவர் கண்ணில் அது படாமலா போயிருக்கும்? பட்டும் அந்தத் தலைப்பெழுத்தையும் பெயரையும் பக்கத்தில் பக்கத்திலேயே, நடுவில் ஒரு புள்ளி மட்டும் வைத்து, ஒவ்வொரு புத்தகத்தின் அட்டையிலும் அச்சிட்டார்.